ஒரே மீசை, பல முகங்கள்

'பன்முக நடிகர்' என்ற சொல் நமது பத்திரிகை மொழியில் மிகவும் மலிந்துபோன ஒன்று. நகைச்சுவையும் செய்தார், வில்லனாகவும் வந்தார், முதியவர் வேடமும் கட்டினார் என்று பட்டியலிட்டுவிட்டால் போதும், பட்டம் கிடைத்துவிடும். முகங்களின் எண்ணிக்கைதான் பன்முகமா? அப்படியானால் ஒரே வேடத்தை இருபத்தைந்து ஆண்டுகள் நடித்த ஒருவரை என்னவென்று அழைப்பது? ஆங்கில நடிகர் டேவிட் சூஷேயைப் பற்றி எழுத அமர்ந்தபோது எங்கள்முன் நின்ற முதற்கேள்வி இதுதான்.

நாங்கள் என்று இங்கே குறிப்பிடுவது நான்கு பேரை. ஒரே கல்லூரியில் தமிழும் ஆங்கிலமும் கற்பிக்கிறோம். நால்வரும் நாற்பதைக் கடந்துவிட்டவர்கள். சனிக்கிழமை மாலைகளில் ஒருவர் வீட்டு மாடியில் கூடி ஏதேனும் ஒரு நூலையோ நாடகத்தையோ பேசுவது நெடுநாள் வழக்கம். லண்டன் மேடையில் சூஷேயை நேரில் காணும் வாய்ப்பு எங்களுக்கு அமைந்ததில்லை. தொலைக்காட்சித் தொடர்களின் குறுந்தகடுகள், மேடை நாடகங்களின் படப்பதிவுகள், தமது வேடங்களைப் பற்றி அவரே எழுதியவை ஆகியவற்றின் வழியாக அவரை அறிந்தவர்கள் நாங்கள். ஆயினும் தமிழாசிரியர்களாகிய எங்களுக்கு அவர் ஏதோ ஒருவகையில் உறவினராகவே தோன்றுகிறார். அந்த உறவு எதனால் என்று சொல்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

உலகம் அவரை ஹெர்க்யூல் புவாரோவாக அறியும். அகதா கிறிஸ்டி படைத்த அந்த பெல்ஜியத் துப்பறிவாளர், முட்டை வடிவத் தலையும் மெழுகிட்டு முறுக்கிய மீசையும் கொண்ட குள்ளமான மனிதர். ஐடிவி தொலைக்காட்சியில் 1989 ஜனவரியில் தொடங்கிய அத்தொடர் 2013 நவம்பரில்தான் முடிந்தது. மொத்தம் 70 படங்கள். தொடங்கியபோது சூஷேவுக்கு வயது 42, முடிந்தபோது 67. கிறிஸ்டி எழுதிய புவாரோ கதைகளில் ஏறத்தாழ அனைத்தையும் ஒரே நடிகர் நடித்து முடித்தார் என்பது தொலைக்காட்சி வரலாற்றில் அரிய நிகழ்வு.

ஆனால் புவாரோ வருவதற்கு முன்பே அவர் முழுமையான மேடை நடிகர். 1946 மே 2ஆம் நாள் லண்டனில் பிறந்தவர். தந்தை தென்னாப்பிரிக்காவிலிருந்து வந்த மகப்பேறு மருத்துவர்; தந்தைவழி முன்னோர் லித்துவேனியாவிலிருந்து குடிபெயர்ந்த யூதர்கள். தாய் மேடையில் ஆடியும் நடித்தும் பழகியவர். தாய்வழிப் பாட்டனார் ஜேம்ஸ் ஜார்ஷே புகழ்பெற்ற பத்திரிகைப் புகைப்படக்காரர். பேரனுக்கும் அந்தக் கலை தொற்றிக்கொண்டது. 2019இல் தாம் எடுத்த படங்களைக் கொண்டே ஒரு தன்வரலாற்று நூலை வெளியிட்டார். அண்ணன் ஜான் சூஷே தொலைக்காட்சிச் செய்தியாளர். விடுதிப் பள்ளியில் மாக்பெத்தாக நடித்த சிறுவன் தேசிய இளைஞர் நாடகக் குழுவுக்கும், பின்னர் லண்டனின் 'லாம்டா' நாடகப் பள்ளிக்கும் சென்றான். வட்டார அரங்குகளில் சில ஆண்டுகள் உழைத்தபின் 1973இல் ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனியில் இடம் கிடைத்தது. அங்கேதான் எங்கள் கதை தொடங்குகிறது.

*

1978இல் அந்நிறுவனம் 'டெம்பெஸ்ட்' நாடகத்தை மேடையேற்றியது. சூஷேவுக்குக் காலிபன் வேடம். காலிபனை மீனாகவும் ஆமையாகவும் விலங்காகவும் அரை மனிதனாகவும் காட்டுவது நெடுங்கால மேடை மரபு. தமக்கும் அப்படிப்பட்ட ஓர் ஒப்பனை காத்திருக்கிறது என்று அறிந்தபோது சூஷே செய்த செயல் எங்களைப் பெரிதும் கவர்ந்தது. அவர் மூலபாடத்தைத் திறந்து உட்கார்ந்தார். காலிபனைப் பற்றி நாடகத்தில் யார் என்ன சொல்கிறார்கள், அவன் தன்னைப் பற்றி என்ன சொல்கிறான் என்று வரிவரியாகத் திரட்டினார்.

பிராஸ்பரோ அத்தீவின் பழைய நிலையைச் சொல்லும் ஒரு நீண்ட வாக்கியம் உண்டு. அத்தீவில் மனித வடிவமே இருந்ததில்லை என்பது அதன் முதன்மைச் செய்தி. இடையில் சூனியக்காரி ஈன்ற மகனைப் பற்றிய தொடர் ஒன்று செருகப்பட்டிருக்கிறது. விரைந்து வாசிப்பவர் 'மனித வடிவம் இல்லை' என்பதை அந்த மகனோடு ஒட்டிவிடுவார், காலிபன் அரக்கனாகிவிடுவான். ஆனால் இடைச்செருகல் ஒரு விதிவிலக்கு. அம்மகனைத் தவிர வேறு மனித வடிவம் அங்கே இல்லை என்பதே இலக்கணப்படி பொருள். அப்படியானால் காலிபன் மனிதன். தன் தீவை இழந்த மனிதன். சூஷே அந்த வாசிப்பைப் பற்றிக்கொண்டு, அந்நியர் வந்து உரிமை பறித்த ஒரு மண்ணின் மகனாகவே காலிபனை நடித்தார். அந்த அனுபவத்தை விரிவாக எழுதிய அவரது கட்டுரை, ஷேக்ஸ்பியர் நடிகர்கள் எழுதிய கட்டுரைகளின் தொகுப்பு ஒன்றில் 1985இல் வெளிவந்தது.

நன்னூலின் பொருள்கோள் பகுதியை ஆண்டுதோறும் நடத்துகிறவர்களுக்கு இது எத்தனை இனிய செய்தி! எந்தச் சொல்லை எந்தச் சொல்லோடு கொண்டு கூட்டுவது என்பது தேர்வுத்தாளில் இரண்டு மதிப்பெண் வினா மட்டுமே என்று நினைக்கும் மாணவர்கள் முன்னால் வைக்க இதைவிடச் சிறந்த எடுத்துக்காட்டு எங்களுக்குத் தெரியாது. சொற்களைக் கூட்டும் முறை மாறினால் அரங்கில் ஓர் அரக்கன் மனிதனாக எழுந்து நிற்கிறான். உரையாசிரியர்கள் ஓலையிலும் ஏட்டிலும் செய்ததை இந்த நடிகர் உடம்பால் செய்கிறார். எங்களுக்கு அவர் உறவினராகத் தோன்றுவது இதனால்தான்.

1981இல் 'வெனிஸ் வணிகன்' நாடகத்தில் ஷைலாக்காக நடித்தார். இயக்குநர் ஜான் பார்ட்டன். இதே பார்ட்டன் 1978இல் பாட்ரிக் ஸ்டூவர்ட்டை ஷைலாக்காக வைத்து அதே நாடகத்தை இயக்கியிருந்தார். பின்னர் பார்ட்டன் தொலைக்காட்சிக்காக நடத்திய 'ஷேக்ஸ்பியரை நடித்தல்' என்ற தொடரில், இரு நடிகர்களையும் எதிரெதிரே அமர்த்தி ஒரே காட்சிகளை மாற்றி மாற்றி நடிக்கச் செய்தார். நாங்கள் அந்தப் பகுதியை எத்தனை முறை பார்த்திருப்போம் என்று கணக்கில்லை. ஸ்டூவர்ட்டைப் பொறுத்தவரை ஷைலாக் ஓர் அந்நியன். அவன் யூதன் என்பது அடுத்த நிலை. சூஷேவைப் பொறுத்தவரை அவன் யூதன் என்பதனாலேயே அந்நியன் ஆக்கப்பட்டவன். ஒரே பாடம், ஒரே இயக்குநர், இரண்டு மனிதர்கள். மணக்குடவரையும் பரிமேலழகரையும் அருகருகே வைத்து ஒரு குறளை வாசிப்பது போன்ற இன்பம் அது. யார் சரி என்ற வினாவே அங்கே எழுவதில்லை. பாடம் இத்தனை இடங்கொடுக்கிறதே என்ற வியப்புதான் மிஞ்சுகிறது.

*

தொலைக்காட்சியும் அவரை விரைவில் கண்டுகொண்டது. 1984இல் பிபிசியின் 'ஃபிராய்ட்' தொடரில் உளப்பகுப்பாய்வின் தந்தையை இளமைமுதல் முதுமைவரை நடித்தார். 1985இல் டாம் ஷார்ப்பின் நாவலைத் தழுவிய 'பிளாட் ஆன் தி லேண்ட்ஸ்கேப்' நகைச்சுவைத் தொடரில் தோட்டக்காரர். அதே ஆண்டு மேடையில் இயாகோ. ஒத்தெல்லோவாக நடித்தவர் பென் கிங்ஸ்லி. இன்னொரு வேடிக்கை: 1985இல் வெளியான ஒரு புவாரோ தொலைக்காட்சிப் படத்தில் பீட்டர் உஸ்தினோவ் புவாரோ, அவரிடம் சதா தோற்றுப்போகும் காவல்துறை ஆய்வாளர் ஜாப் வேடத்தில் சூஷே!

எனவே புவாரோவாக நடிக்கும் அழைப்பு வந்தபோது தயங்குவதற்குக் காரணம் இருந்தது. அண்ணனிடம் யோசனை கேட்டார். அந்தக் கேலிச்சித்திர மனிதன் உனக்கு ஒத்துவரமாட்டான், அப்பக்கமே போகாதே என்ற பொருளில் அண்ணன் விடை சொன்னாராம். தம்பி வழக்கம்போல் மூலபாடத்திடம் போனார். கிறிஸ்டியின் புவாரோ நாவல்களையும் சிறுகதைகளையும் வரிசையாக வாசித்து, அம்மனிதனைப் பற்றிய ஒவ்வொரு குறிப்பையும் எண்ணிட்டு எழுதினார். 93 குறிப்புகள். பெல்ஜியத்துக்காரர், பிரெஞ்சுக்காரர் அல்லர், தேநீரில் எத்தனை சர்க்கரைக் கட்டி, எந்தவகைக் காலணி, எதைக் கண்டால் அருவருப்பு. அந்தப் பட்டியலைப் படப்பிடிப்புக்குக் கையோடு கொண்டுசென்றார்.

பிறகு உடம்பு. சூஷேயின் இயற்கைக் குரல் நெஞ்சிலிருந்து எழும் கனத்த குரல். மூளையே முதன்மையான மனிதனுக்குக் குரலும் தலையிலிருந்து வரவேண்டும் என்று அதை மேலே ஏற்றினார். பெல்ஜியப் பிரெஞ்சுக்காரர்களின் பேச்சுப் பதிவுகளைக் கேட்டு உச்சரிப்பைப் படியவைத்தார். அடியடியாக விரைந்து நடக்கும் அந்த நடைக்காகப் பிட்டங்களுக்கிடையே ஒரு நாணயத்தை இடுக்கிக்கொண்டு, அது விழாமல் நடந்து பழகினாராம். உடைக்குள்ளே பஞ்சுத் திணிப்பு. எல்லாம் சேர்ந்தால் கோமாளித்தனம் வந்துவிடும் அபாயம் இருந்தது. கிறிஸ்டியின் மகள் ரோசலிண்ட் ஹிக்ஸ் தொடக்கத்திலேயே எச்சரித்திருந்தார்: புவாரோவோடு சேர்ந்து மக்கள் சிரிக்கலாம், புவாரோவைப் பார்த்துச் சிரிக்கக் கூடாது என்பது அதன் சாரம். அந்த மெல்லிய கோட்டின்மேல் இருபத்தைந்து ஆண்டுகள் நடந்தார் சூஷே.

தொடக்க நாட்களில் ஒரு சிறு பிணக்கு. பூங்காப் பெஞ்சில் உட்காருமுன் புவாரோ கைக்குட்டையை எடுத்து விரிக்க வேண்டும் என்றார் சூஷே. அது நகைப்புக்கிடம் என்றார் இயக்குநர். நடிகர் இறங்கி வரவில்லை, படப்பிடிப்பு நின்றது. தயாரிப்பாளர் பிரையன் ஈஸ்ட்மன் வந்து நடிகர் பக்கமே தீர்ப்புச் சொன்னார். ஒரு கைக்குட்டைக்கு இத்தனை ஆரவாரமா என்று கேட்கலாம். ஒரு சொல்லுக்காக ஓலைகளை ஒப்பிட்டு ஊர் ஊராக அலைந்தவர் உ.வே.சா. அவர் வழிவந்தவர்கள் அப்படிக் கேட்கமாட்டார்கள் என்றே நம்புகிறோம்.

*

இங்கே எங்கள் வட்டத்தில் நடந்த விவாதத்தைச் சொல்ல வேண்டும். எங்களுள் மூத்தவர், ஆங்கிலத் துறையைச் சேர்ந்தவர், கல்லூரி நாட்களில் நல்ல நாடக நடிகர். சென்ற ஆண்டு விருப்ப ஓய்வுக்கான விண்ணப்பத்தை எழுதி வைத்துக்கொண்டார். ஒரே பாடத்திட்டம், ஒரே கரும்பலகை, ஆண்டுதோறும் அதே பதினெட்டு வயது முகங்கள். "இனிமேல் நான் பேசவேண்டியது எதுவும் மிச்சமில்லை சார்" என்றார். சூஷேயைப் பற்றிய பேச்சிலும் அந்தக் கசப்பு புகுந்தது. இயாகோவாக நடித்த ஒருவர் பிழைப்புக்காக ஒட்டு மீசையோடு வாழ்நாளைக் கழித்தது தோல்வி அல்லவா என்பது அவர் கேள்வி. எங்கள் எல்லோருக்கும் உள்ளுக்குள் இருந்த கேள்வியை அவர் வாய்விட்டுக் கேட்டார், அவ்வளவுதான். நன்னூலையும் குறுந்தொகையையும் இருபதாவது முறையாக நடத்துகிறவர்கள் வாய்மூடி இருக்க முடியுமா?

அதன்பிறகு சில வாரங்கள் அவரது பிற வேடங்களை ஆண்டுவரிசையில் எழுதிப் பார்த்தோம். புவாரோ நடந்துகொண்டிருந்த அதே கால்நூற்றாண்டில் மேடையில் அவர் ஏற்றவை இவை: 1991இல் ஏதென்ஸ் நகரத்து டைமன். 1993இல் ஹரோல்ட் பின்டர் இயக்கத்தில் டேவிட் மாமெட்டின் 'ஒலியானா' நாடகத்தில், மாணவியின் குற்றச்சாட்டில் சிக்கும் பேராசிரியர். 1996இல் எட்வர்ட் ஆல்பியின் நாடகத்தில் டயானா ரிக்கின் கணவராக, உள்ளே அழுகிப்போன வரலாற்று ஆசிரியர் ஜார்ஜ். 1998இல் பீட்டர் ஹால் இயக்கிய 'அமடேயஸ்' நாடகத்தில் சாலியேரி. அது நியூயார்க்குக்கும் சென்றது, 2000இல் டோனி விருதுக்கு அவர் பெயர் பரிந்துரைக்கப்பட்டது. 2010இல் ஆர்தர் மில்லரின் 'ஆல் மை சன்ஸ்'. 2012இல் யூஜின் ஓ'நீலின் 'நெடும்பயணம்'. தொலைக்காட்சியிலோ 2001இல் டிரோலப்பின் நாவலிலிருந்து மெல்மாட் என்ற மோசடி முதலாளி. 2007இல் பத்திரிகை அதிபர் ராபர்ட் மாக்ஸ்வெல், அதற்குச் சர்வதேச எம்மி விருது.

பட்டியலைப் பார்த்துக்கொண்டிருந்தபோது எங்களுள் ஒருவர் ஒன்றைச் சுட்டினார். இவர்களுள் எத்தனை பேர் வந்தேறிகள், வெளியே நிற்பவர்கள்! தீவை இழந்த காலிபன். வெனிஸ் நகரில் ஷைலாக். வியன்னாவில் யூதராக வாழ்ந்து லண்டனில் அகதியாக இறந்த ஃபிராய்ட். எங்கிருந்து வந்தான் என்றே தெரியாத மெல்மாட். செக்கோஸ்லோவாக்கியாவில் வறுமையில் பிறந்து ஆங்கிலேயப் பிரபுவாக முயன்ற மாக்ஸ்வெல். வியன்னா அரசவையில் இத்தாலியனான சாலியேரி. புவாரோவும் முதல் உலகப்போரில் பெல்ஜியத்திலிருந்து தப்பி இங்கிலாந்து வந்த அகதிதானே? ஊர்க்காரர்கள் அவரைப் பிரெஞ்சுக்காரர் என்று தவறாக அழைப்பதும் அவர் பொறுமையாகத் திருத்துவதும் வெறும் நகைச்சுவையாக இதுவரை எங்களுக்குப் பட்டிருந்தது. குடிபெயர்ந்தோரின் பேரன் ஒருவர் அதைச் சொல்கிறார் என்று நினைத்துக் கேட்டால் அதில் வேறொரு சுருதி ஒலிக்கிறது. முகங்கள் பல, வேர் ஒன்று. ஒரு வேடத்தில் கற்றதை இன்னொரு வேடத்துக்கு எடுத்துச் சென்றுகொண்டே இருந்திருக்கிறார் இந்த மனிதர்.

'ஆல் மை சன்ஸ்' படப்பதிவை நாங்கள் ஒரே மூச்சில் பார்த்தோம். ஜோ கெல்லர் போர்க்காலத்தில் விமான உறுப்புகள் செய்த தொழிற்சாலை முதலாளி. விரிசல் கண்ட உறுப்புகளை மறைத்து அனுப்பியதால் 21 விமானிகள் இறந்தார்கள். பழி கூட்டாளியின்மேல் விழுந்தது. கெல்லர் தப்பித்து நல்ல தந்தையாக, நல்ல அண்டைவீட்டுக்காரராக வாழ்கிறார். மில்லரின் பேராற்றல், அம்மனிதனை நாம் முதலில் விரும்பும்படி செய்துவிடுவது. சூஷே அந்த விருப்பத்தை முழுவதுமாகச் சம்பாதித்துக்கொண்டபிறகே உண்மையை வெளியே விடுகிறார். குற்றவாளியின் உள்ளம் இவருக்கு எப்படி இத்தனை நுணுக்கமாகத் தெரிந்தது என்று பேசிக்கொண்டிருக்கையில், மூத்தவரே சொன்னார்: "இருபது வருஷமாகக் குற்றவாளிகளை எதிரில் உட்காரவைத்துக் கேட்டுக்கொண்டிருந்தவர் அல்லவா?" சொல்லிவிட்டுத் தாமே சிரித்தார்.

*

புவாரோவின் இறுதிக் கதையான 'திரை'யைக் கிறிஸ்டி இரண்டாம் உலகப்போர்க் காலத்தில் எழுதிப் பூட்டிவைத்து, இறப்பதற்குச் சில மாதங்கள் முன்னர் 1975இல் வெளியிட்டார். அப்போது நியூயார்க் டைம்ஸ் முதற்பக்கத்தில் புவாரோவுக்கு இரங்கல் செய்தி போட்டது; கற்பனை மனிதனுக்குக் கிடைத்த அரிய பெருமை. சூஷே அந்தப் படத்தை இறுதித் தொகுதியின் தொடக்கத்திலேயே எடுத்துவிடும்படி கேட்டுக்கொண்டார். புவாரோ சாகும் நாளை வேலையின் கடைசி நாளாக்க அவருக்கு மனமில்லை. அந்தப் படத்துக்காக உடல் எடையைக் குறைத்தார். பஞ்சுத் திணிப்பும் இல்லை. சக்கர நாற்காலியில் ஒடுங்கிய ஒரு கிழவர். கால்நூற்றாண்டாக நமக்குப் பழகிய அந்த நடையே அதில் இல்லை. இருந்தும் முதல் நொடியில் இவர் அவரேதான் என்று தெரிகிறது. நடை, மீசை, காலணி எல்லாவற்றையும் ஒவ்வொன்றாகக் கழித்தபின்னும் மிஞ்சும் ஒன்றைத்தான் அவர் இத்தனை ஆண்டுகள் நடித்திருக்கிறார் என்று எங்களுக்கு உறைத்த இடம் அது. கதையின் முடிவை, வாசிக்காதவர்களுக்காக, இங்கே சொல்லாமல் விடுகிறோம். கடைசிப் படப்பிடிப்பு 2013 ஜூனில், டெவன் மாவட்டத்தில் கிறிஸ்டியின் கோடைக்கால வீடான கிரீன்வேயில் நடந்தது. படைத்தவளின் வீட்டு வாசலில் புவாரோ நலமாக நடந்து முடித்தார்.

அதோடு மீசையைக் கழற்றியவர் ஓய்ந்துவிடவில்லை. 200 மணி நேரத்துக்கும் மேல் ஒலிப்பதிவுக் கூடத்தில் அமர்ந்து விவிலியம் முழுவதையும் வாசித்துப் பதிவு செய்தது 2014இல் வெளிவந்தது. 1986இல் ஒரு விடுதி அறையில் விவிலியத்தை வாசித்தது அவரைக் கிறிஸ்தவ நம்பிக்கைக்கு அழைத்துச் சென்றது. அங்கும் தொடக்கம் ஒரு வாசிப்புதான். 2015இல் ஆஸ்கர் வைல்டின் நாடகத்தில் பெண்வேடம், சீமாட்டி பிராக்னெல். 2018இல் மில்லரின் 'தி பிரைஸ்' நாடகத்தில் கிட்டத்தட்டத் தொண்ணூறு வயதான பழம்பொருள் வியாபாரி சாலமன்; அதுவும் ஒரு குடியேறிய யூதர் வேடம். 2020இல் 'சர்' பட்டம் அறிவிக்கப்பட்டது.

இத்தனையையும் எழுதிவைத்தபின் எங்கள் மூத்தவரின் கேள்விக்கு என்ன விடை? ஒரே வேடம் மனிதனைத் தேய்த்துவிடும் என்பது பெரும்பாலும் உண்மையே. வாசிப்பதை நிறுத்திவிட்டவனை அது தேய்க்கும். 93 குறிப்புகளை எழுதியவர் அவற்றை மனப்பாடமாக ஒப்பித்திருந்தால் நான்காம் ஆண்டிலேயே பொம்மையாகியிருப்பார். அவர் ஒவ்வொரு முறையும் பாடத்திடம் திரும்பிப் போனார். இடையில் டைமனாகவும் சாலியேரியாகவும் கெல்லராகவும் வாழ்ந்துவிட்டுப் போனார். போகும்போது கைநிறைய ஏதோ கொண்டுபோனார். பன்முகம் என்பது அந்தப் போக்குவரத்தின் பெயர் என்று இப்போது நினைக்கிறோம்.

எங்கள் நண்பரை நாங்கள் வற்புறுத்தவில்லை. வகுப்பறை சூஷேயின் மேடை அன்று. இருபது ஆண்டுச் சோர்வு ஒரு நடிகரின் கதையைக் கேட்டுத் தீர்ந்துவிடாது என்பதும் தெரியும். ஆனால் இந்தப் பருவத்தில் முதலாமாண்டு மாணவர்களுக்கு 'டெம்பெஸ்ட்' நடத்தும் பொறுப்பு அவருடையது. பிராஸ்பரோவின் அந்த ஒரு வாக்கியத்தைக் கரும்பலகையில் எழுதிவிட்டு, காலிபன் மனிதனா இல்லையா என்று மட்டும் கேட்டுவிட்டு உட்கார்ந்துகொண்டாராம். மணி அடித்தபின்னும் பிள்ளைகள் எழுந்து போகவில்லை. விண்ணப்பம் இன்னும் அவர் மேசை இழுப்பறையில்தான் இருக்கிறது.